ஆறாவது எதிர்மனுதாரர்

2013-ல் வந்த வழக்கு இது. முதல் பஸ்ஸைப் பிடித்து ஒத்தக்கடை வழியாக வந்து, ஐகோர்ட் மதுரைக் கிளை வாசலில் எனக்கு முன்பே என் கட்சிக்காரரான பெண் நின்றிருந்தார். கையில் ஜவுளிக்கடை மஞ்சள் பை. ரேஷன் கார்டு, பத்தாம் வகுப்பு மார்க் ஷீட், அங்கன்வாடிப் பணியாளர் நேர்காணலுக்கு வந்த கடிதம். நாலாக மடித்து மடித்துக் கடிதம் இற்றுப்போய், பின்பக்கம் செலோடேப் ஒட்டியிருந்தார்.

கணவர் விட்டுப் போய் ஆறு வருடம். அங்கன்வாடி இவர் வீட்டுக்கு எதிரே. வேலை கிடைத்ததோ பக்கத்து ஊர்ப் பெண்ணுக்கு. உள்ளூரில் தகுதியான ஆள் இல்லாவிட்டால்தான் பக்கத்து ஊர் என்று அறிவிப்பிலேயே இருந்தது. தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டதற்கு, ‘தேர்வு செய்யப்படவில்லை’ என்று ஒரு வரி பதில்.

ரிட் மனுவில் முதல் ஐந்து எதிர்மனுதாரர்களும் அதிகாரிகள். ஆறாவது, வேலை கிடைத்த பெண். அந்தப் பெயரைப் படித்ததும் இவர் முகம் வாடியது.

“அந்தப் புள்ளையச் சேக்காம கேஸ் போட முடியாதா சார்? அதுக்கும் புருசன் இல்ல. ரெண்டு பிள்ளைங்க.”

முடியாது. ஒருவருடைய வேலையை அவருக்குத் தெரியாமல் கோர்ட் பறிக்காது. அவரைச் சேர்க்காத மனு அந்த ஒரு காரணத்துக்காகவே தள்ளுபடியாகும். எடுத்துச் சொன்னேன். வெகுநேரம் யோசித்துத்தான் கையெழுத்துப் போட்டார். அந்தப் பெண்ணின் வருமானம் உடனே நிற்க வேண்டாம் என்பதால் ஸ்டே கேட்கவில்லை. நியமனம் வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டது என்ற இடைக்கால உத்தரவு மட்டும் வாங்கினோம்.

அரசுத் தரப்பில் 2006-ல் உச்ச நீதிமன்றம் சொன்ன அமீர்பி தீர்ப்பைக் காட்டினார்கள். அங்கன்வாடி வேலை சிவில் பதவி அல்ல, ஆகவே மனு செல்லாது என்று வாதம். அந்தத் தீர்ப்பு எழுந்தது கர்நாடக நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போன வழக்கில். தீர்ப்பாயத்துக்கு அதை விசாரிக்க அதிகாரம் இல்லை என்பதே முடிவு. நாங்கள் வந்தது அரசியலமைப்பின் 226-வது பிரிவில், ஐகோர்ட்டின் ரிட் அதிகாரத்தில். சிவில் பதவியோ இல்லையோ, அரசு ஆள் எடுத்தால் சமத்துவம் பேசும் 14-வது பிரிவு கூடவே வரும் என்று வாதிட்டேன்.

நீதிபதி அசல் ஃபைலைக் கேட்டார். அடுத்த விசாரணையில் வந்தது. மதிப்பெண் தாளில் கடைசிக் கட்டம் ‘காரணம்’. என் கட்சிக்காரர் பெயருக்கு நேரே அது வெறுமையாக இருந்தது. பக்கத்து ஊர்ப் பெண்ணுக்கு நேரேயும் அப்படியே. “உள்ளூர்க்காரரை ஏன் விட்டீர்கள்?” என்று நீதிபதி இரண்டு முறை கேட்டார். அரசு வக்கீல் முன்னும் பின்னும் புரட்டிப் பார்த்தார். சொல்ல எதுவும் இல்லை. அந்தக் கட்டத்தில் ஒரு வரி எழுதியிருந்தால், இரண்டு ஏழைப் பெண்கள் எதிரெதிராகக் கோர்ட்டில் நின்றிருக்க வேண்டியதில்லை. இன்றுவரை எனக்கு ஆறாத கோபம் அது.

நியமனம் ரத்து. எட்டு வாரத்தில் இருவரையும் மறுபடி பரிசீலித்து, காரணத்தை எழுதி முடிவெடுக்க உத்தரவு. யாருக்கு வேலை என்று கோர்ட் சொல்லவில்லை. அது தேர்வுக் குழுவின் வேலை. ஏழாவது வாரம் என் கட்சிக்காரருக்கு ஆணை வந்தது. ஆறாவது எதிர்மனுதாரர் நூறு நாள் வேலைக்குப் போகிறார் என்று பின்னால் என் கட்சிக்காரரே சொன்னார். சொல்லும்போது அவர் கண் கலங்கியிருந்தது.

அங்கன்வாடி வேலைக்கு மனுப் போடும் பெண்களுக்கு ஒன்று சொல்வேன். அறிவிப்பின் நகல், மனுக் கொடுத்த ரசீது, நேர்காணல் கடிதம் மூன்றையும் பத்திரமாக வையுங்கள். வேலை கிடைக்கவில்லையென்றால் அந்த வாரமே காரணம் கேட்டு எழுதுங்கள். தாமதமாக வந்த எத்தனையோ நல்ல வழக்குகளை நான் திருப்பி அனுப்பியிருக்கிறேன்.