ஆற்று வளைவில் ஜீஸ் பெண்ட்

மூன்று பக்கமும் அலபாமா ஆறு. மிச்சமிருக்கும் ஒரு பக்கத்தில் ஒரே சாலை. அமெரிக்காவின் தெற்கே, அலபாமா மாநிலத்து வில்காக்ஸ் கவுண்டியில் இருக்கும் ஜீஸ் பெண்டுக்கு இந்தச் சாலையை விட்டால் படகுதான். அஞ்சல் முகவரியில் ஊரின் பெயர் பாய்கின். 1949-இல் ஒரு வெள்ளைக்கார நாடாளுமன்ற உறுப்பினரின் பெயரை அரசாங்கம் சூட்டியது. ஊர்க்காரர்களுக்கு இன்றும் அது ஜீஸ் பெண்ட்தான். கடைத்தெரு என்று காட்ட எதுவும் இல்லாத, சில நூறு கறுப்பின மக்கள் வாழும் ஊர். இந்த ஊர்ப் பெண்கள் பழந்துணியை ஒட்டித் தைத்த போர்வைகள் நியூயார்க் மெட்ரோபாலிடன் அருங்காட்சியகத்திலும் வாஷிங்டன் தேசியக் கலைக்கூடத்திலும் இருக்கின்றன.

அந்தப் போர்வைகளின் அழகைப் பற்றி நிறைய எழுதிவிட்டார்கள். என் கண் முதலில் போவது துணியின் மேல். எந்தக் காலத்தில் எந்தத் துணி இந்த ஊருக்குள் வந்தது, ஏன் வேறு துணி வரவில்லை என்று கேட்டுக்கொண்டே போனால் ஊரின் கதை முழுவதும் கைக்கு வந்துவிடுகிறது.

1816-இல் வட கரோலினாவிலிருந்து வந்த ஜோசப் ஜீ என்ற நிலக்கிழார் இந்த வளைவில் பருத்தித் தோட்டம் போட்டார். ஊர்ப் பெயரின் முன்பாதி அவருடையது. 1845-இல் குடும்பக் கடனுக்கு ஈடாகத் தோட்டம் உறவினர் மார்க் பெட்வேயின் கைக்கு மாறியது. அடுத்த ஆண்டு அவர் தன் அடிமைகள் சுமார் நூறு பேரை வட கரோலினாவிலிருந்து பல நூறு மைல் நடத்தியே இங்கே கூட்டிவந்தார். அடிமை முறை ஒழிந்த பிறகும் அந்த மக்கள் இங்கேயே வாரத்துக்கு உழுதார்கள். எசமானின் குடும்பப் பெயரே அவர்களுக்கும் நின்றுவிட்டது. ஊரில் பாதிப் பேர் பெட்வே. இரத்த உறவே இல்லாத இரு வீட்டாரும் பெட்வேயாக இருப்பார்கள்.

பருத்தி விளைவிக்கிறவர்களுக்குத் துணி கிடைக்கவில்லை. விதை, உரம், தானியம் எல்லாமே ஆற்றுக்கு அக்கரையில் உள்ள கேம்டன் ஊர்க் கடையில் பற்று வைத்து வாங்கியவை. 1930களின் தொடக்கத்தில் பருத்தி விலை சரிந்தது. பற்று கொடுத்த வியாபாரி ஒருவர் இறந்ததும், 1932-இல் அவர் மனைவி கடன் முழுவதையும் ஒரேயடியாகக் கேட்டு, சுமார் 60 குடும்பங்களின் உடைமைகளை ஜப்தி செய்தார். கோவேறு கழுதை, மாடு, கோழி, கலப்பை, வண்டி, குளிர்காலத்துக்குச் சேர்த்து வைத்திருந்த தானியம் எல்லாம் போயின. செஞ்சிலுவைச் சங்கம் அனுப்பிய உணவுதான் பட்டினிச் சாவிலிருந்து ஊரைக் காத்தது. மாவு தீர்ந்தபின் மூட்டையைப் பிரித்துத் துவைத்துப் போர்வையில் சேர்த்தார்கள். உர மூட்டையும் அப்படியே. ஆணின் வேலைக் கால்சட்டை முழங்காலில் கிழிந்து, ஒட்டுப்போட்டு, மறுபடியும் கிழிந்து, இனி உடுத்தவே முடியாது என்ற நிலைக்கு வந்த பிறகுதான் போர்வைக்குப் போகும்.

1937-இல் அரசாங்கம் அனுப்பிய புகைப்படக்காரர் ஆர்தர் ரோத்ஸ்டைன் எடுத்த படம் ஒன்று உண்டு. மரக்கட்டையும் மண்ணும் வைத்துக் கட்டிய குடிசையின் சன்னலில் ஒரு சிறுமி நிற்கிறாள். சன்னல் கதவின் உட்புறம் காற்றுக்குத் தடுப்பாகச் செய்தித்தாள் ஒட்டியிருக்கிறது. அந்தத் தாளில் உணவு விளம்பரம். சிரித்த முகத்தோடு ஒரு வெள்ளைக்காரப் பெண். இடுக்கு வழியாகக் காற்று புகும் அப்படிப்பட்ட வீடுகளில் குளிரைத் தடுக்கப் போர்வை கட்டிலின் மேல் கிடந்தது, தரையில் கிடந்தது, சுவரிலும் தொங்கியது.

போர்வை தைக்கும் முறையில் இரண்டு கட்டம். மேல்துணியை ஒருத்தி தன் வீட்டில் தனியாக உட்கார்ந்து ஒட்டித் தைப்பாள். அதில் யாரும் தலையிடுவதில்லை. பிறகு அடித்துணி விரித்து, நடுவில் பஞ்சு பரப்பி, மேல்துணி போட்டு, மூன்றையும் மரச்சட்டத்தில் கட்டி ஓட்டுத் தையல் போடும்போதுதான் அக்கம்பக்கத்துப் பெண்கள் கூடுவார்கள். தேவாலயப் பாட்டுகளைப் பாடிக்கொண்டே ஊசி நடக்கும். பஞ்சுகூட அரவை ஆலைத் தரையில் கூட்டியெடுத்த கழிவுப் பஞ்சாக இருக்கும். குச்சியால் அடித்து அழுக்கை உதிர்த்துப் பரப்புவார்கள்.

இந்த ஊரில் அதிகம் தைக்கப்படும் அமைப்புக்கு ‘ஹவுஸ்டாப்’ என்று பெயர். நடுவில் ஒரு சதுரத் துண்டு. அதன் நான்கு பக்கமும் நீளப் பட்டைகள். அவற்றைச் சுற்றி இன்னும் நீளமாகப் பட்டைகள். இப்படிச் சதுரத்துக்குள் சதுரமாக வெளிப்பக்கம் வளரும். ஒரு பட்டை பாதியில் தீர்ந்துபோனால் வேறு நிறத்துண்டு ஒன்றை அதன் முனையில் இணைத்து முடிப்பார்கள். கண் எதிர்பார்க்காத இடத்தில் சிவப்பு பாய்வது அங்கேதான். அளவு நாடாவும் மாதிரித் தாளும் கிடையாது. ஒரு கோடு சற்றே சாய்ந்தால் அடுத்த பட்டையை அதற்கு இணங்க வெட்டுவார்கள். இதைத்தான் ஊர்ப் பெண்கள் ‘என் வழி’ என்கிறார்கள். பக்கத்து வீட்டுக்காரி அதே அமைப்பில் தைத்தாலும் இரண்டும் ஒன்றாக இராது. ஒன்றாக இருந்தால் அது பெருமையும் அல்ல.

மிசௌரி பெட்வே 1942-இல் தைத்த போர்வை இவற்றில் என்னை விட்டு அகலாதது. கணவர் இறந்தபின் அவருடைய வேலை உடைகளை எடுத்துப் பட்டை பட்டையாகக் கிழித்து அவர் தைத்தது அது. மகள் ஆர்லோன்சியா பெட்வே அந்தக் கதையைப் பின்னாளில் சொன்னார்: கணவரை நினைத்துக்கொள்ளவும், அந்த அன்புக்குள் போர்த்திப் படுக்கவுமே அம்மா அதைத் தைத்தாராம். வெளுத்த நீலமும் சாக்குத் துணியின் பழுப்புமாக இருக்கிறது அந்தப் போர்வை. ஒரு மனிதர் வயலில் நின்ற ஆண்டுகளெல்லாம் அந்த வெளுப்பில் இருக்கின்றன.

எல்லாரும் ஆசையாகத் தைத்தார்கள் என்று எழுதுவது எளிது. ஆனால் அது உண்மை அல்ல. இவ்வூரின் மிகச் சிறந்த கைகளில் ஒருவரான லொரெட்டா பெட்வே, தனக்குத் தையலே பிடிக்காது, பிள்ளைகள் குளிரில் வாடியதால் தைத்தேன் என்று சொன்னவர்.

ஆப்பிரிக்காவின் சாயல் இவற்றில் எவ்வளவு? மேற்கு ஆப்பிரிக்க அசாந்தி, எவே நெசவாளர்கள் குறுகிய நாடாக்களாக நெய்து பக்கவாட்டில் இணைக்கும் கென்டே துணியையும், இந்தப் போர்வைகளின் நீளப் பட்டைகளையும், வேண்டுமென்றே தப்பவிட்ட ஒழுங்கையும் அருகருகே வைத்துக் காட்டும் ஆய்வாளர்கள் உண்டு. ஹவுஸ்டாப் போன்ற அமைப்புகள் வெள்ளைக்காரப் பெண்களின் போர்வைகளிலும் உண்டு என்பவர்களும் உண்டு. இரண்டுமே சரி. தன் கொள்ளுப்பாட்டி டைனா மில்லரைச் சிறுமியாக ஆப்பிரிக்காவிலிருந்து கப்பலில் கொண்டுவந்ததாக ஆர்லோன்சியா சொல்லியிருக்கிறார். அத்தனை அருகில் ஆப்பிரிக்கா இருந்த வீட்டில் கண்ணும் கையும் எதையோ வைத்திருக்கத்தான் செய்யும். ஆனால் தப்பியோடிய அடிமைகளுக்குப் போர்வை வடிவங்களில் இரகசிய வழிக்குறிப்பு இருந்தது என்று புழங்கும் கதைக்குச் சான்று இல்லை என்பதே வரலாற்றாசிரியர்கள் பெரும்பாலோரின் முடிவு. நம் நாட்டிலும் கர்நாடகத்து உத்தர கன்னடக் காடுகளில் வாழும் ஆப்பிரிக்க வழிவந்த சித்தி இனப் பெண்கள் பழஞ்சேலையில் ‘கவந்தி’ தைக்கிறார்கள். அவர்கள் ஓரத்தில் தொடங்கி நடுவுக்கு வருவார்கள். ஜீஸ் பெண்ட் ஹவுஸ்டாப் நடுவில் தொடங்கி ஓரத்துக்குப் போகிறது.

1930களின் இறுதியில் மத்திய அரசு இந்த நிலத்தை வாங்கி, வீடுகள் கட்டி, குறைந்த வட்டிக் கடனில் 1940களில் ஊர்க் குடும்பங்களுக்கே விற்றது. இந்த ஒன்று ஊரின் தலையெழுத்தை மாற்றியது. வாக்குரிமை கேட்ட மற்ற ஊர்க் கறுப்பின மக்களை நிலக்காரர்கள் வீட்டைவிட்டு விரட்ட முடிந்தது. ஜீஸ் பெண்டில் பலருக்குக் காலடி மண் சொந்தம். கவுண்டியின் தலைநகரான கேம்டனுக்குப் படகேறிப் போய் வாக்காளராகப் பதிய முயன்றார்கள். 1962-இல் படகே நிறுத்தப்பட்டது. கண்ணுக்குத் தெரியும் அக்கரைக்குப் போகச் சாலை வழியாக ஏறக்குறைய 40 மைல் சுற்ற வேண்டியதாயிற்று. அந்தப் படகு திரும்ப ஓடியது 2006-இல். ஆம், 44 ஆண்டுகள் கழித்து. இதற்கிடையில் மில்லர்ஸ் ஃபெரி அணை ஆற்றோரத்து நல்ல நிலத்தை விழுங்கியது. 1965 பிப்ரவரியில் மார்ட்டின் லூதர் கிங் இங்கே வந்து மக்களிடம் பேசினார்.

அந்த ஆண்டு இறுதியில் பிரான்சிஸ் வால்டர் என்ற பாதிரியார் இந்தப் பக்கம் காரில் வந்தபோது கொடியில் காய்ந்த போர்வைகளைப் பார்த்தார். 10 டாலர் வீதம் வாங்கி நியூயார்க்கில் ஏலம் விட்டார். 1966-இல் பக்கத்து அல்பெர்ட்டாவில் ‘ஃப்ரீடம் க்வில்டிங் பீ’ என்ற பெண்கள் கூட்டுறவு பிறந்தது. பெண்கள் கையில் முதன்முறையாகக் கூலிப் பணம் வந்தது. அதன் மதிப்பைக் குறைத்துச் சொல்ல மாட்டேன். ஆனால் பெரிய கடைகள் ஒரே அளவு, ஒரே மாதிரி கேட்டன. ‘என் வழி’க்கு அங்கே இடமில்லை. 1972-இல் சியர்ஸ் நிறுவனத்துக்குக் கார்டுராய் தலையணை உறை தைக்கும் வேலை கிடைத்தது. வெட்டி மிஞ்சிய துண்டுகள் வீட்டுக்கு வந்தன. தங்க மஞ்சள், இலைப்பச்சை, செங்கல் சிவப்பு என்று பளீர் நிறங்கள், கனத்த துணி. நுணுக்கமான வளைவு வெட்ட அது இடங்கொடாது. எனவே எழுபதுகளின் போர்வைகளில் கட்டங்கள் பெரிதாகி, நிறம் ஓங்கியது. கூட்டுறவுக்குத் தைத்தவற்றைவிட, அதன் மிச்சத்தில் வீட்டுக்குத் தைத்தவைதான் இன்று அருங்காட்சியகங்களில் அதிகம் இருக்கின்றன.

1990களின் இறுதியில் வில்லியம் ஆர்னெட் என்ற அட்லாண்டா சேகரிப்பாளர் ஒரு நூலில் ஆனி மே யங் தைத்த போர்வையின் படத்தைப் பார்த்துத் தேடிவந்தார். டெனிம் பட்டைகளுக்கு நடுவே கார்டுராய் நிறங்கள் எரியும் போர்வை அது. கொசுவை விரட்டச் சில பழைய போர்வைகளை அந்த அம்மா சற்று முன்புதான் கொளுத்தியிருந்தார். இதுவும் அதில் போயிற்றோ என்று நினைத்தார். தேடிப் பார்த்ததில் கிடைத்தது. 2002-இல் ஹூஸ்டனிலும் பிறகு நியூயார்க்கின் விட்னி அருங்காட்சியகத்திலும் கண்காட்சி. 2006-இல் அமெரிக்க அஞ்சல்துறை இந்தப் போர்வைகளின் படங்களோடு பத்து அஞ்சல்தலைகளை வெளியிட்டது. 2015-இல் மேரி லீ பெண்டால்ஃப், லூசி மிங்கோ, லொரெட்டா பெட்வே மூவருக்கும் நாட்டுப்புறக் கலைக்கான தேசிய விருது கிடைத்தது.

புகழ் வந்ததும் பணம் யாருக்கு என்ற கேள்வியும் வந்தது. போர்வை வடிவங்கள் கம்பளங்களாகவும் வீட்டு அலங்காரப் பொருட்களாகவும் விற்கப்பட்டன. 2007-இல் ஆனி மே யங், லொரெட்டா பெட்வே உட்பட மூவர் வழக்குத் தொடுத்தனர்; 2008-இல் சமரசம் ஆயிற்று. 2021-இல்தான் இவ்வூர்ப் பெண்கள் பலர் எட்ஸி இணையச் சந்தையில் தங்கள் பெயரிலேயே கடை திறந்தார்கள். இத்தனை நூற்றாண்டுப் பருத்திக்குப் பிறகு தன் துணிக்குத் தானே விலை வைப்பது இவ்வளவு தாமதமாக வந்தது என்பது எனக்கு ஆறவில்லை.

2019 முதல் ஆற்றில் ஓடுவது மின்கலப் படகு. 2022-இலிருந்து ஆண்டுதோறும் அக்டோபரில் ஒரு சனிக்கிழமை ஊரே போர்வைகளை வெளியே தொங்கவிட்டு விழா எடுக்கிறது. வெயில் காட்ட வேலியிலும் கொடியிலும் போர்வை விரிக்கும் பழைய வழக்கம்தான் விழாவாகியிருக்கிறது. அன்று போகிறவர்கள் விலையைத் தைத்தவரிடமே கேட்டு வாங்கலாம்.