'தி மிஷன்' படத்தில் வந்த அருவி... ஒரு டாக்குமென்டரி கேமராமேனின் பயணம்!

சிலுவையில் கட்டப்பட்ட பாதிரியார் ஆற்றில் மிதந்து வருகிறார். சில நொடிகளில் பிரமாண்டமான அருவி அவரை விழுங்கிவிடுகிறது. 1986-ல் வெளியான 'தி மிஷன்' படத்தின் இந்தக் காட்சியைப் பார்த்தவர்கள் மறக்க மாட்டார்கள்.

அது செட் அல்ல. அர்ஜென்டினா - பிரேசில் எல்லையில் இன்றும் கொட்டிக்கொண்டிருக்கும் இகுவாசு அருவி. குவாரனி பழங்குடி மொழியில் 'பெரிய தண்ணீர்' என்று அர்த்தம். சுமார் 2.7 கி.மீ அகலத்தில் ஏறத்தாழ 275 அருவிகள். 'சாத்தானின் தொண்டை' என்ற இடத்தில் தண்ணீர் சுமார் 80 மீட்டர் ஆழத்துக்கு விழுகிறது.

இதைப் படமாக்கியவர், இங்கிலாந்தைச் சேர்ந்த ஒளிப்பதிவாளர் கிறிஸ் மெங்கஸ்.

அமேசான் முதல் ஆஸ்கர் வரை

மெங்கஸ் வேலை கற்றது டாக்குமென்டரிகளில். 1960-களில் 'வேர்ல்டு இன் ஆக்‌ஷன்' டி.வி நிகழ்ச்சிக்காக கேமராவுடன் நாடு நாடாகச் சுற்றினார். ஏட்ரியன் கோவெல் இயக்கிய டாக்குமென்டரிக்காக அமேசான் காட்டுக்குள்ளும் போனார். இடையில், 1968-ல் பார்ன்ஸ்லி என்ற சுரங்க ஊரில் 'கெஸ்' படத்தை எடுத்தார். கம்போடியப் படுகொலையைச் சொல்லும் 'தி கில்லிங் ஃபீல்ட்ஸ்' முதல் ஆஸ்கரைத் தந்தது. 'தி மிஷன்' இரண்டாவது!

1988-ல், நிறவெறிக் கால தென் ஆப்பிரிக்காவைப் பற்றிய 'எ வேர்ல்டு அபார்ட்' படத்தை அவரே இயக்கினார். போரும் அநீதியும் நடக்கும் இடங்களில் மனித முகங்களைப் படம்பிடித்த பழக்கம் சினிமாவிலும் தொடர்ந்தது. 'தி மிஷன்' படத்தில் அருவிக்கு இணையாக மனதில் நிற்பவை பழங்குடிகளின் முகங்கள்தான்.

திரைக்கு வெளியே

ஆனால், அந்த முகங்கள் குவாரனிகளுடையவை அல்ல. நடித்தவர்கள் கொலம்பியாவின் வவுனானா பழங்குடிகள். மிஷன் கிராமக் காட்சிகளும் அங்கேதான் எடுக்கப்பட்டன. கதை மட்டும் குவாரனிகளுடையது. 1750-ல் ஸ்பெயினும் போர்ச்சுகலும் போட்ட எல்லை ஒப்பந்தத்தால் ஊரைவிட்டுத் துரத்தப்பட்டவர்கள் அவர்கள்.

எனவே, இகுவாசு போகிறவர்கள் அருவியோடு திரும்பிவிட வேண்டாம். அர்ஜென்டினா பக்கப் பூங்காவில் குவாரனிகள் கைவினைப் பொருள்கள் விற்கிறார்கள். அங்கிருந்து தெற்கே சில மணி நேரப் பயணத்தில் சான் இக்னாசியோ மினி. அசல் மிஷன் கிராமத்தின் செந்நிறக் கற்சுவர்கள் அங்கே நிற்கின்றன. யுனெஸ்கோ பாரம்பரியச் சின்னம் அது.

எந்தப் பக்கம் பார்க்கலாம்?

அருவியின் முழு அகலத்தையும் பார்க்க பிரேசில் பக்கம். சாரலில் நனைந்தபடி நெருங்கிப் பார்க்க அர்ஜென்டினா பக்கம். மழைக்கோட்டும், மொபைலுக்கு ஒரு பிளாஸ்டிக் கவரும் அவசியம்!