கற்பிட்டியின் புளூராக்

கற்பிட்டிக் குடாநாட்டில் அப்போதெல்லாம் பாதை என்றால் மணல்தான். ஒரு பக்கம் கடல், மறுபக்கம் களப்பு. இடையே தென்னையும், வாடிகளில் காயும் கருவாடும், கேட்பாரற்றுத் திரியும் கழுதைகளும். ஆகஸ்ட் பிறந்தால் தலவில் அன்னம்மாள் கோயிலைச் சுற்றிக் கிடுகுக் கொட்டில்கள் முளைத்துவிடும். பூசை இலத்தீனில். கரைவலை இழுக்கிற ஆட்கள் ஒரு சொல்லும் விளங்காமலே பதில் மன்றாட்டுகளைப் பிசகில்லாமல் சொல்வார்கள். அறுபதுகளில் பூசை தமிழுக்கும் சிங்களத்துக்கும் மாறியபோது பெரியம்மாவுக்குத்தான் மனத்தாங்கல். “இனிச் சாமியார் சொல்றதெல்லாம் விளங்குமே!”

அந்த இலத்தீனைக் கிரேக்கம், எபிரேயம், அறபு, சமஸ்கிருதத்தோடு சேர்த்துக் கற்ற ஒருவர் எங்கள் ஊரிலேயே பிறந்தவர் என்பதைப் பள்ளிக்கூடத்தில் யாரும் சொல்லித் தரவில்லை. சைமன் காசிச்செட்டி. 1807இல் பிறந்தார், எங்கள் ஊர் ஒல்லாந்தர் கோட்டை ஆங்கிலேயர் கைக்கு மாறி 12 ஆண்டுகள்தான் ஆகியிருந்தன. 1838இல் சட்ட நிரூபண சபையில் தமிழர் பிரதிநிதி. பின்னர் சிலாபத்தில் மாவட்ட நீதிபதி. பதவிகளை விடுவோம், அவை யாருக்கும் கிடைக்கும்.

1859இல் யாழ்ப்பாணத்தில் அச்சான ‘தமிழ் புளூராக்’தான் அவர் பெயரை நிறுத்தியது. கிரேக்க, ரோமப் பெருமக்களின் வாழ்க்கையைப் புளூராக் எழுதியதுபோல இவர் தமிழ்ப் புலவர்களின் வாழ்க்கையை ஆங்கிலத்தில் எழுதினார். காலக்கணிப்பு பல இடங்களில் நிற்காது. கர்ண பரம்பரைக் கதைகளை அப்படியே எடுத்துக்கொண்டார். அதற்காக அவரைக் குறைசொல்ல எனக்கு மனமில்லை. கதை கேட்பதில் புளூராக்கும் லேசுப்பட்டவரல்லர். அதோடு, ஓலைச்சுவடிகள் வீட்டுப் பரண்களில் கிடந்த காலம் அது. சங்க நூல்கள் பலவும் அச்சேற இன்னும் எத்தனையோ ஆண்டுகள் இருந்தன.

எனக்கென்னவோ அவருடைய ‘சிலோன் கெசற்றியர்’தான் மேல். 1834இல் அது வெளிவந்தபோது அவருக்கு வயது 27. ரயில் கிடையாது, தோணியும் மாட்டுவண்டியும்தான். அந்த வயதில் இலங்கையின் ஊர்களையும் ஆறுகளையும் அகரவரிசையில் அடுக்கிவைத்தார்.   கடற்றொழில் செய்யும் பரவர்களின் வரலாற்றையும் எழுதி, லண்டன் ராயல் ஏசியாட்டிக் சொசைட்டியின் இதழில் வெளியிட்டார். தலவிலில் இலத்தீன் சொன்ன கூட்டத்தில் அந்தப் பரவர்களும் உண்டு.