பின்வாசல் புத்தி

போன மாசம் ஆபீஸ் நண்பர் மகளோட கல்யாண ரிசப்ஷன், சென்னையில் ஒரு அஞ்சு நட்சத்திர ஓட்டலில். ஆட்டோவை விட்டு இறங்கினதும் கால் தானா கட்டிடத்தைச் சுத்தி பின்பக்கம் போகப் பார்த்துச்சு. வீட்டம்மா கையைப் பிடிச்சு இழுத்து, "எங்க போறீங்க? வாசல் இந்தப் பக்கம்"னாங்க.

பழக்க தோஷம்ங்க. 1996-ல் கேட்டரிங் படிச்சப்போ இதே ஊரில் வேற ஒரு பெரிய ஓட்டலில் ஆறு மாசம் டிரெய்னிங். ஹவுஸ்கீப்பிங் டிபார்ட்மெண்ட். எங்களுக்குன்னு பின்னாடி ஒரு கேட். டைம் ஆபீசில் கார்டு பஞ்ச் பண்ணணும், வீட்டுக்குப் போகும்போது செக்யூரிட்டி பையைத் திறந்து பார்ப்பார். உள்ளே டியூப் லைட், ஈரத்துணி வாசனை, தள்ளுவண்டி சத்தம். அது முடியற இடத்துல ஒரு கதவு, பக்கத்துல ஆளுயரக் கண்ணாடி, மேலே 'சிரிக்கவும்'னு போர்டு. கதவைத் தள்ளினா கார்ப்பெட், ஏசி, எங்கேயோ பியானோ.

ஒரு ஷிப்டுக்கு ஆளுக்கு 15 ரூம். கதவைத் தட்டி "ஹவுஸ்கீப்பிங்"னு குரல் கொடுத்துட்டு உள்ளே போகணும். விரிப்பைச் சுருக்கமில்லாம இழுத்து மெத்தைக்கடியில் செருகணும். கடைசியா டாய்லெட் பேப்பர் நுனியை முக்கோணமா மடிக்கணும். மடிச்சிருந்தா அந்த பாத்ரூம் சுத்தம் பண்ணியாச்சுன்னு அர்த்தம். சூப்பர்வைசர் வந்து படத்தோட பிரேம் மேல விரலை ஓட்டிப் பார்ப்பார். (என் ரூம்ல எப்பவும் ஏதாவது ஒட்டும். அது வேற கதை.)

ஒருநாள் சொல்லாம கொள்ளாம அப்பா ஊர்லேர்ந்து வந்துட்டார். கையில் மஞ்சப்பை, அதுல முறுக்கு. நேரா முன்வாசலுக்கே போயிட்டார். தலைப்பாகை கட்டின டோர்மேன் விறைப்பா சல்யூட் வெச்சு கதவைத் திறந்துவிட, அப்பா பதறிப்போய் பதிலுக்குக் கும்பிட்டிருக்கார். லாபி சோபாவில் உட்கார வெச்சு தண்ணியும் கொடுத்திருக்காங்க. தகவல் கிடைச்சு நான் யூனிபார்மோட ஓடினேன். ரெண்டு வார்த்தை பேசறதுக்குள்ள மேனேஜர் ஒருத்தர் வந்தார். அப்பாவைப் பார்த்துச் சிரிச்சார். என்கிட்ட மட்டும் தாழ்ந்த குரல்ல, "டிரெய்னி லாபியில நிக்கக்கூடாதுன்னு தெரியாதா?"

ரூல் அப்படித்தான், அவரைத் தப்பு சொல்ல முடியாது. ஆனா அப்பா காதுல விழுந்துடுச்சு.

"ஏண்டா, எனக்கு சல்யூட் அடிக்கிறாங்க, உன்னை ஏண்டா விரட்டறாங்க?"

"வேலை நேரம்ப்பா"ன்னு சொல்லிட்டு நகர்ந்துட்டேன். முறுக்கைக்கூட வாங்கலை. விருந்தாளிகிட்ட எது வாங்கினாலும் கேட் பாஸ் வேணும். அப்பா அங்கே விருந்தாளியாச்சே!

ஷிப்ட் முடிஞ்சு வெளியே வந்தா, பின்பக்க கேட்டுக்கு எதிர்த்த டீக்கடை பெஞ்சில் அதே மஞ்சப்பையோட உட்கார்ந்திருந்தார். அந்த கேட்டை எப்படிக் கண்டுபிடிச்சார்னு நான் கேட்டதே இல்லை.

ரிசப்ஷன் சாப்பாடு பரவாயில்லை ரகம். கிளம்பறதுக்கு முன்னாடி பாத்ரூம் போனேன். வரும்போது பேப்பர் நுனியை முக்கோணமா மடிச்சு வெச்சுட்டுதான் வந்தேன் :-)