எஃப் வண்டி

நண்பர் ஒருவர், தாம் தொகுக்கும் கவிதைத் தொகுதியில் என் பழைய கவிதை ஒன்றைச் சேர்க்க அனுமதி கேட்டு எழுதியிருந்தார். வேண்டாம் என்று பதில் போட்டேன். அதை அடக்கம் என்று எடுத்துக்கொண்டு மறுபடியும் எழுதினார். அடக்கமில்லை. அந்தக் கவிதை பொய். அவருக்கு மட்டும் சொல்லி முடித்துவிடலாம்தான். ஆனால் அந்தக் கவிதையைப் படித்து நன்றாயிருக்கிறது என்று சொன்னவர்கள் இருபது முப்பது பேர். அவர்களில் அநேகம் பேர் இந்தப் பக்கங்களையும் படிப்பவர்கள்.

1999இல் வேலை நிமித்தம் ஸான் ஃபிரான்ஸிஸ்கோ போயிருந்தேன். விரிகுடாவுக்கு அக்கரையில் பெர்க்லியில் ஓர் அறை. காலையும் இரவும் பாலத்தைக் கடந்து பஸ் பிரயாணம். பஸ்ஸுக்கு நம்பர் கிடையாது; எஃப் என்று ஓர் எழுத்துதான். இக்கரையில் அது வந்து நிற்குமிடம் மிஷன் தெருவிலிருந்த ட்ரான்ஸ்பே டெர்மினல். பாலத்தை விட்டுப் பிரிந்ததும், மாடி ஜன்னல்களின் உயரத்தில் தனியாக ஓடும் ஒரு மேம்பாதையில் பெரிய வட்டமாகச் சுற்றி, கட்டடத்தின் மேல்தளத்துக்குள் நுழையும். ஒரு பஸ் திரும்புவதற்கு அத்தனை பெரிய வட்டம் எதற்கு என்று ஒரு நாளும் நான் கேட்டுக்கொண்டதில்லை.

உள்ளே மூத்திர நாற்றம். பெரிய கூடத்தில் நீள மர பெஞ்சுகள். இரவில் அவற்றில் வீடில்லாதவர்கள் படுத்திருப்பார்கள். அவர்களில் ஒரு கிழவர், எழுபது வயதிருக்கலாம், ஒருநாள் என்னிடம் மணி கேட்டார். சொன்னேன். எஃப் ரயில் வரும் நேரந்தான் என்றார். பஸ்ஸா என்று கேட்டேன். ரயில் என்றார், தவறு செய்த குழந்தையைத் திருத்துகிறவர் மாதிரி. நான் சிரித்துவிட்டு மேலே போய்விட்டேன். அந்த வாரமே கவிதை எழுதிவிட்டேன். பஸ் நிலையத்தில் ரயிலுக்குக் காத்திருக்கும் பைத்தியக்காரன். ஊரில் பிரசுரமாயிற்று. அபத்த தரிசனம் என்று ஒருவர் கடிதம் எழுதினார். அபத்தம் என்ற ஒரு வார்த்தை எங்களுக்கெல்லாம் போதுமானதாக இருந்தது.

2010 ஆகஸ்ட் 7ஆம் தேதி டெர்மினலை மூடினார்கள். படுத்திருந்தவர்களை அதற்கு முன்பே வெளியேற்றியாயிற்று. அந்தச் செய்திகளோடு வந்த ஒரு பழைய புகைப்படத்தைப் பார்த்தபோதுதான் எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. மேல்தளத்தில், நான் பஸ் ஏறிய அதே இடத்தில், வரிசையாக ரயில்கள்.

அந்தக் கட்டடமே ரயிலுக்காகக் கட்டப்பட்டது. விரிகுடாப் பாலம் 1936 நவம்பரில் திறந்தது. மேல்தட்டில் கார்கள், கீழ்த்தட்டில் லாரிகளும் மின்சார ரயிலும். 1939 ஜனவரியில் டெர்மினலுக்கு ரயில்கள் வரத் தொடங்கின. கட்டடத்தை வரைந்தவர் டிமதி ஃப்ளூகர். ஓக்லந்தின் பாரமவுன்ட் தியேட்டரைக் கட்டிய அதே ஆள். மூன்று கம்பெனிகளின் வண்டிகள், ஆறு தண்டவாளங்கள். எஞ்சின் மாற்றாமல், பின்னோக்கி நகராமல், ஒரு பக்கம் நுழைந்து வட்டமடித்து மறுபக்கம் பாலத்துக்கே திரும்பிவிடலாம். ரயில் சட்டென்று திரும்பாது. வட்டம் பெரிதாக இருந்தது அதனால்தான்.

இரண்டு கம்பெனிகள் 1941லேயே ஓட்டத்தை நிறுத்திவிட்டன. மிச்சமிருந்தது கீ ஸிஸ்டம் ஒன்றுதான். 1946இல் நேஷனல் ஸிட்டி லைன்ஸ் அதைக் கைப்பற்றியது. பின்னால் கார், டயர், பெட்ரோல் கம்பெனிகளின் பணம். பஸ்ஸும் சாமான்களும் தங்களிடமே வாங்கவேண்டுமென்று கூட்டுச் சதி செய்ததாக 1949இல் கோர்ட்டில் குற்றம் நிரூபணமாயிற்று. ரயிலைக் கொன்றது இந்தச் சதிதான் என்று சொல்வதில் பலருக்கு ஒரு திருப்தி. எனக்கு அது பாதிக் கதையாகப் படுகிறது. 1941இல் செத்த இரண்டையும் எந்தச் சதியும் கொல்லவில்லை. பாலத்தில் காருக்கான சுங்கம் 65 சென்ட்டிலிருந்து சில வருஷங்களில் 25 சென்ட்டாக இறங்கியது. ஜனங்கள் காரில் போனார்கள், அவ்வளவுதான். 1958 ஏப்ரல் 20ஆம் தேதி கடைசி ரயில். தண்டவாளத்தைப் பெயர்த்துவிட்டு, அதே மேம்பாதையில், அதே வட்டத்தில், மறு வருஷம் பஸ் விட்டார்கள். வழித்தடங்களின் எழுத்துக்களை மட்டும் மாற்றவில்லை. பெர்க்லி போகும் ரயிலின் பெயர் எஃப்.

கிழவர் சொன்னதில் நாற்பது வருஷத் தாமதத்தைத் தவிர வேறு பிழை கிடையாது. சிறு வயதில் அந்த ரயிலில் போயிருப்பார். பைத்தியக்காரன் என்று நான் எழுதியது கட்டடத்தைப் பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது என்பதால். தெரியாது என்பதுகூட எனக்குத் தெரியவில்லை. பார்த்தது போதும், கவிதைக்கு விவரம் வேண்டாம் என்றிருந்தேன்.

நியூயார்க்கில் பென்ஸில்வேனியா ஸ்டேஷனை 1963இல் இடிக்கத் தொடங்கியபோது ஊரே அழுதது. 1965இல் புராதனக் கட்டடங்களைக் காக்கச் சட்டம் வந்தது. அது அழகான கட்டடம். ட்ரான்ஸ்பேக்கு அழுதவர்கள் குறைவு. நாறுகிற இடத்துக்கு யார் அழுவார்கள்? அங்கே தூங்கியவர்கள் அழுதிருக்கலாம். அவர்களைக் கேட்டு எழுதியவர்களில் நான் இல்லை.

2019 கடைசியில் மறுபடி போயிருந்தேன். அதே இடத்தில் புதிய நிலையம், நாலு தெரு நீளத்துக்கு. கூரைமேல் ஐந்து ஏக்கருக்கு மேல் பூங்கா. 2018 ஆகஸ்டில் திறந்து, ஆறு வாரத்தில் இரும்பு உத்தரங்களில் விரிசல் கண்டு மூடி, மறு வருஷம் மீண்டும் திறந்தது. ரயிலுக்கென்று நிலத்தடியில் இடம் கட்டி வைத்திருக்கிறார்கள். காவலாளி ஒருவரிடம் ரயில் எங்கே என்று கேட்டேன். இங்கே பஸ் மட்டுந்தான் என்றார். நான் போகும்வரை என்மேலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

கவிதைக்கும் தகவலுக்கும் சம்பந்தமில்லை என்று நண்பர் மூன்றாவது கடிதம் போட்டிருக்கிறார். திருத்திக் கொடுக்க முடியுமா என்றும் ஒரு வரி. உட்கார்ந்து பார்த்தேன். பைத்தியக்காரனை எடுத்துவிட்டால் மிஞ்சுவது ஐந்து வரி. அதில் இரண்டு, பெஞ்சைப் பற்றியது.