சிறுமலை அடிவாரத்தில் ஒரு கல்லூரி

எங்கள் ஈசூனுக்குப் பெயர் தந்தவர் அன்னாசியும் ரப்பரும் பயிரிட்ட லிம் நீ சூன். இன்று இந்த வட்டாரத்தில் காய்கறித் தோட்டம் பார்க்க வேண்டுமென்றால் கூ டெக் புவாட் மருத்துவமனையின் மொட்டை மாடிக்குப் போகலாம். தொண்டூழியர்கள் பராமரிக்கிறார்கள், நன்றாகவே இருக்கும்.

மார்ச் பள்ளி விடுமுறையில் நான் போனது காந்திகிராமத்துக்கு. என் அக்காள் மகள் அங்கே இளநிலை வேளாண்மை இரண்டாம் ஆண்டு படிக்கிறாள். நிலக்கோட்டைப் பக்கம் மல்லிகை பயிரிடும் அவள் அப்பாவுக்கு அதில் மனத்தாங்கல். "வெயில்ல நான் காஞ்சது போதாதா? இவளுமா?" என்று வழியெல்லாம் என்னிடம் கேட்டுக்கொண்டே வந்தார் அத்தான். என்னிடம் பதில் இல்லை. நானும் குளிர்சாதன அறையில் உட்கார்ந்து சம்பாதிக்கிறவள்தானே!

திண்டுக்கல்லிலிருந்து மதுரை போகும் சாலையில், சிறுமலையைப் பார்த்தபடி இருக்கிறது வளாகம். 1946-ல் காந்தி வந்த ரயில் பக்கத்து அம்பாத்துரையில் நின்றிருக்கிறது. அடுத்த ஆண்டே டாக்டர் சௌந்தரமும் கணவர் ஜி. ராமச்சந்திரனும் இங்கே பணியைத் தொடங்கினார்கள். சௌந்தரம், டிவிஎஸ் நிறுவனர் சுந்தரம் ஐயங்காரின் மகள். அவ்வளவு வசதியான வீட்டுப் பெண் இந்த வறண்ட பூமிக்கு வந்ததை நினைத்தால் இப்போதும் வியப்புதான். 1956-ல் கிராமியக் கல்வி நிறுவனம் பிறந்தது. 1976-ல் அது நிகர்நிலைப் பல்கலைக்கழகமானது. கைவேலையும் படிப்பே என்ற காந்தியின் ஆதாரக் கல்விதான் அஸ்திவாரம். மாணவர்கள் கிராமங்களில் போய்த் தங்கிப் பழகுவது இன்றும் பாடத்தில் சேர்த்திதான்.

மரத்தடியில் உட்கார்ந்தோம். அத்தான் பையிலிருந்து ஒரு மல்லிகைக் கொத்தை எடுத்தார். இலையெல்லாம் வெளிறியிருந்தது. "யூரியா போட்டுப் போட்டுப் பார்த்துட்டேன்" என்றார், யாரிடமோ சொல்வதுபோல.

மகள் கொத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். "அப்பா, தழைச்சத்து குறைஞ்சா அடி இலைதான் முதல்ல மஞ்சளாகும். இதுல நுனிக் கொழுந்து மஞ்சளா இருக்கு, நரம்பு மட்டும் பச்சை. இது இரும்புச்சத்துக் குறை. நம்ம மண்ணுல சுண்ணாம்பு அதிகம். இரும்பு இருந்தாலும் செடியால எடுத்துக்க முடியல."

"அப்ப என்ன செய்யிறது?"

"லிட்டர் தண்ணிக்கு அஞ்சு கிராம் அன்னபேதி கலந்து இலையில தெளிங்க. இலை பச்சையாகுற வரைக்கும் மாசம் ஒரு தடவை. ஆனா முதல்ல மண்ணைப் பரிசோதனைக்குக் குடுத்துரலாம். சித்தி, நீங்களாவது மறக்காம ஞாபகப்படுத்துங்க."

எத்தனை மூட்டை யூரியா என்று அத்தான் மனதுக்குள் கணக்குப் போட்டது முகத்தில் தெரிந்தது. வாய் திறக்கவில்லை. அவள் கொடுத்த மண் மாதிரிப் பையை மட்டும் நான்காக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார்.

படிப்பைப் பற்றி அப்புறமும் அவர் ஒன்றும் சொல்லவில்லை. சின்னாளபட்டியில் பேருந்து ஏறுமுன், உரக்கடை எந்தப் பக்கம் என்று விசாரித்தார்.