மதகு தேடிய கண்கள்

திருவண்ணாமலையை வலம் வரும் 14 கிலோமீட்டர் பாதையில், மலையின் மேற்குப் புறத்தே அமைந்த சிற்றூர் அடி அண்ணாமலை. அதுவே யான் பிறந்த மண். எங்கள் பக்கத்தில் ஏரி என்றால் உழவு என்று பொருள். கரை, மதகு, கலங்கல், வரத்துக்கால் என்பன எழுத்தறியும் முன்பே எங்கள் பிள்ளைகள் அறியும் சொற்கள். ஏரிக்கரையில் வெறுமனே அமர்ந்திருப்பவரை வேலையற்றவர் என்றே ஊர் சொல்லும்.

என் தந்தையார் அம்மரபில் வந்தவர். 1958-இல் கட்டி முடிக்கப்பெற்ற சாத்தனூர் அணைக்கு ஒருமுறை சென்றபோதும், அங்குள்ள பூங்காவைப் பாராமல் மதகுகளையே நோக்கி நின்றவர். முழங்கால் வலியால் சென்ற ஆண்டு நிலத்தைக் குத்தகைக்கு விட்டார். அன்று முதல் திண்ணையில் பேச்சற்று அமர்ந்தார். உழைப்பு நின்றதும் தம் மதிப்பும் நின்றுவிட்டதென எண்ணினார் போலும்.

மனமாற்றம் வேண்டி அவரை ஏலகிரிக்கு அழைத்துச் சென்றேன். பொன்னேரியிலிருந்து மலையேறும் சாலையில் 14 கொண்டை ஊசி வளைவுகள். பாரி, கபிலர், ஔவையார், கம்பர் என வள்ளல்களும் புலவர்களும் அவ்வளைவுகளுக்குப் பெயராய் நிற்கின்றனர். மேலே புங்கனூர் ஏரி. மனிதர் கையால் உருவான சிறிய ஏரி. கரையில் சிறுவர் பூங்கா, படகுத்துறை, மிதிபடகுகள், துடுப்புப் படகுகள்.

தந்தையார் நாற்புறமும் நோக்கிவிட்டு, "ஏம்ப்பா, மதகு எங்க இருக்குது? எத்தனை காணி பாயுது?" என்றார். படகுக்காரர் புன்னகைத்து, "இது படகு விடுற ஏரிங்க ஐயா" என்றார். தந்தையார் முகத்தில் வியப்பினும் வருத்தமே மிகுந்தது. படகேற மறுத்து, மர நிழலில் அமர்ந்துவிட்டார்.

சற்று நேரத்தில் முன்பின் அறியாத முதியவர் ஒருவர் அருகில் வந்தமர்ந்தார். "உங்க பக்கம் மழை எப்படிங்க?" என்று கேட்டார். அந்த ஒரு கேள்விக்குத் தந்தையார் ஒரு மணி நேரம் விடை கூறினார்! பல மாதங்களாக வீட்டில் கேளாத அக்குரலை, தொலைவில் நின்று கேட்டேன், கண்கள் கலங்கின.

ஏரிக்கரைப் பூங்கா செல்வர்க்கான அணிகலன் என்று எண்ணியிருந்தேன். 1863-இல் உருவான கோடைக்கானல் ஏரியும், 2016-இல் பூங்காவாகத் திறக்கப்பெற்ற சென்னைச் சேத்துப்பட்டு ஏரியும் அவ்வாறே எனக்குத் தோன்றின. அன்று என் எண்ணம் மாறியது. குழந்தைக்கு ஊஞ்சல், இளைஞர்க்கு நடைபாதை, உழைத்து ஓய்ந்தவர்க்கு ஓர் இருக்கை. இவை ஊர் செலுத்த வேண்டிய கடன். யார் நீ, எந்த ஊர், எந்தக் குலம் என்று வினவாமல் இருவரை அருகருகே அமர்த்தும் இடம் எளியதன்று.

திரும்பும் வழியில் தந்தையார், "நம்ம ஏரிக்கரையில நாலு கல் பெஞ்சு போட்டா நல்லாயிருக்கும்" என்றார். சிறிது தூரம் சென்றபின் மீண்டும் சொன்னார்:

"ஆனா, கரையைத் தொடக்கூடாது, வரத்துக்காலை மறிக்கக்கூடாது. தண்ணி இருந்தாத்தான் பூங்கா."